ஜமாஅத் தந்த குலா சீட்டும் சேலம் குடும்ப நல நீதிமன்றமும்

2022ஆம் ஆண்டு எங்கள் பள்ளிவாசல் மஹல்லாவின் ஜமாஅத் பஞ்சாயத்து என் கையில் ஒரு குலா சீட்டை, அதாவது மனைவி கேட்டுப் பெறும் மணமுறிவுக்கான தாளைக் கொடுத்தபோது, முத்திரையும் பெரியவர்களின் கையொப்பமும் இருந்த அந்தத் தாளோடு எல்லாம் தீர்ந்தது என்றுதான் எங்கள் வீட்டில் நினைத்தார்கள். சட்டத்தின் கணக்கில் அதற்குப் பிறகும் ஏறத்தாழ மூன்று ஆண்டுகள் நான் என் கணவரின் மனைவியாகவே இருந்தேன். அந்த இடைக்காலத்தில் லட்சத்து எழுபதாயிரம் ரூபாய்க்கு மேல் செலவானது. அதைவிடப் பெரிய இழப்பாக, என் மகன் என்னிடமிருந்து விலகி வளர்ந்துவிட்டான். என் நிலையில் இருக்கும் பெண்கள் சிலர் இப்போது என்னிடம் வந்து கேட்கிறார்கள். ஒவ்வொருவரிடமும் துண்டு துண்டாகச் சொல்வதைவிட, நடந்ததை நடந்த வரிசையில் எழுதிவைப்பது பயன்படும் என்று தோன்றியது.

நான் ஏற்காட்டுக்காரி. அத்தா மிளகும் காப்பியும் வாங்கி விற்கும் சிறு வியாபாரி. 2012இல் சேலம் நகருக்குள் என்னை நிக்காஹ் செய்துகொடுத்தார். 2014இல் மகனும் 2018இல் மகளும் பிறந்தார்கள். கொரோனா ஊரடங்கில் கணவரின் தொழில் சரிந்தது. என் நகைகள் என்னிடம் கேட்காமலேயே அடகுக் கடைக்குப் போயின. கேட்டதற்கு அடி விழுந்தது. 2021 ஜூனில் இரு பிள்ளைகளையும் அழைத்துக்கொண்டு மலைக்குத் திரும்பினேன். அன்றிலிருந்து அவர் ஒரு ரூபாய்கூட அனுப்பவில்லை. 2022 நோன்புப் பெருநாளுக்கு மகனை மட்டும் நான்கு நாள் இருக்கட்டும் என்று அழைத்துப்போனார்கள்; திருப்பி அனுப்பவில்லை. அத்தாவும் பெரியத்தாவும் போய்க் கேட்டபோது, ஜமாஅத்தில் பேசிக்கொள்ளலாம் என்று பதில் வந்தது.

ஜமாஅத் பெரியவர்கள் கெட்டவர்கள் அல்லர். இஷா தொழுகைக்குப் பிறகு உட்கார்ந்து இரு தரப்பையும் பொறுமையாகவே கேட்டார்கள். ஆனால் அவர்களுக்கு வேண்டியது சத்தமில்லாமல் ஒரு முடிவு. கணவர் எனக்குத் தர வேண்டிய மஹரை விட்டுக்கொடுக்கிறேன், நகையைக் கேட்க மாட்டேன், பிள்ளைகளுக்கும் செலவு கேட்க மாட்டேன் என்று நான் எழுதிக்கொடுத்தால் அவர் குலாவுக்குச் சம்மதிப்பார் என்றார்கள். மகனுக்கு ஏழு வயது தாண்டிவிட்டதால் அவன் தகப்பனிடம்தான் இருக்க வேண்டும் என்றும் ஒருவர் சொன்னார். எதிர்த்துப் பேச அந்தக் கூடத்தில் எனக்கென்று ஒருவரும் இல்லை. அத்தா தலையைக் குனிந்துகொண்டிருந்தார். கையெழுத்துப் போட்டேன்.

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். மஹரை விட்டுக்கொடுப்பது பெண்ணின் விருப்பம். குலாவில் அது வழக்கமும்கூட. பிள்ளையின் செலவு அப்படிப்பட்டதன்று. அது பிள்ளைக்கு உரியது, தாய் எழுதிக்கொடுத்துத் தீர்த்துவிட முடியாதது. அப்படி எழுதிய தாள் எங்கே இருந்தாலும், பிள்ளைக்காக ஜீவனாம்சம் கேட்டு நீதிமன்றத்துக்குப் போகும் வழியை அது அடைக்காது. இதை எனக்கு வழக்கறிஞர் சொன்னபோது ஒரு வருடத்துக்கு மேல் கடந்திருந்தது.

சீட்டு செல்லாது என்பது குடும்ப அட்டையில் பெயர் மாற்றப் போனபோது தெரிந்தது. அலுவலகத்தில் இருந்த பெண் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “கோர்ட் ஆர்டர் இருந்தா குடுங்கம்மா” என்று திருப்பித் தந்துவிட்டார். பிறகு வழக்கறிஞர் விளக்கினார். காஜி தரும் தலாக் சான்றிதழ் வெறும் கருத்துதான், அதற்குச் சட்டச் சான்றாக மதிப்பில்லை என்று சென்னை உயர் நீதிமன்றம் 2017லேயே சொல்லியிருக்கிறது. 2023இன் தொடக்கத்தில் அதே நீதிமன்றம், குலா கேட்கும் உரிமை முஸ்லிம் பெண்ணுக்கு உண்டு, ஆனால் அவள் அதற்காகக் குடும்ப நல நீதிமன்றத்தை நாட வேண்டும், தனியார் ஷரீஅத் கவுன்சில்கள் மணமுறிவுக்குச் சான்றிதழ் தர முடியாது என்று தீர்ப்பளித்தது. அதைக் கேட்டபோது எனக்கு முதலில் வந்தது கோபம்தான். அந்தச் சீட்டுக்காக நான் விட்டுக்கொடுத்தவை எல்லாம் நினைவுக்கு வந்தன.

அடுத்து விளங்கிக்கொண்டது, மணமுறிவு, ஜீவனாம்சம், பிள்ளை ஆகிய மூன்றும் தனித்தனி வழக்குகள் என்பது. மணமுறிவு 1939ஆம் ஆண்டின் முஸ்லிம் திருமணங்கள் முறிவுச் சட்டத்தின் கீழ் வரும். ஜீவனாம்சம் அப்போது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125ஆம் பிரிவு. 2024 ஜூலை முதல் தேதியிலிருந்து அது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144ஆம் பிரிவு. பேச்சு வழக்கில் எல்லோரும் இன்னும் எம்.சி. என்றே சொல்கிறார்கள். பிள்ளைக்கு 1890ஆம் ஆண்டின் காப்பாளர் சட்டத்தில் போடும் மனு. அதை வளாகத்தில் ஜி.டபிள்யூ.ஓ.பி. என்பார்கள். ஒன்றைப் போட்டால் மற்றது தானாக வரும் என்று நினைக்க வேண்டாம். மணமுறிவு கேட்கும் எண்ணம் இல்லாத பெண்ணும் எம்.சி. போடலாம், அதற்காகக் காத்திருக்கத் தேவையே இல்லை. ஜீவனாம்சம் மனு கொடுத்த தேதியிலிருந்துதான் கணக்கிடப்படும் என்று உச்ச நீதிமன்றம் 2020இல் ஒரு வழக்கில் வகுத்துவிட்டது. நான் மனு போட்டது 2023 செப்டம்பரில். 2021 ஜூனிலிருந்து அதுவரை அத்தாவின் கடை வருமானத்தில் நாங்கள் சாப்பிட்டதற்கும் பிள்ளைகளின் பள்ளிக் கட்டணத்துக்கும் இனி யாரிடமும் கேட்க முடியாது.

1939 சட்டத்தில் மனைவி மணமுறிவு கேட்பதற்கான காரணங்கள் வரிசையாக உள்ளன. கணவர் நான்கு ஆண்டுகள் இருக்கும் இடமே தெரியாமல் போவது, இரண்டு ஆண்டுகள் பராமரிக்காமல் விடுவது, ஏழு ஆண்டுகளுக்குக் குறையாத சிறைத் தண்டனை பெறுவது, மூன்று ஆண்டுகள் தகுந்த காரணமின்றிக் கணவருக்குரிய கடமையைச் செய்யாதிருப்பது, கொடுமை செய்வது ஆகியவை அவற்றுள் சில. கொடுமை என்பதில் அடிப்பது மட்டும் அடங்குவதில்லை. மனைவியின் சொத்தை விற்பதும், அவள் மார்க்கக் கடமைகளைச் செய்யவிடாமல் தடுப்பதும் அதில் வரும். இரண்டாண்டுப் பராமரிப்பின்மை என்ற காரணத்துக்கு, மனு போடும் நாளுக்கு முந்தைய இரண்டு ஆண்டுகளும் முழுமையாகக் கழிந்திருக்க வேண்டும். என் வழக்கறிஞர் 2023 ஜூன் தாண்டட்டும் என்று நிறுத்திவைத்து, அந்தக் காரணத்தையும் கொடுமையையும் சேர்த்தே மனுவில் எழுதினார்.

அவர் எனக்கு இரண்டாவது வழக்கறிஞர். முதலில் போனவர் நாற்பதாயிரம் ரூபாய் வாங்கிக்கொண்டு ஒரு நோட்டீஸ் மட்டும் அனுப்பினார். ஆறு மாதம் கழித்து வழக்கு எண் கேட்டபோது குமாஸ்தாவைக் கேட்கச் சொன்னார், குமாஸ்தா ஐயாவைக் கேட்கச் சொன்னார். வழக்கு போடப்படவே இல்லை. எவருக்குப் பணம் கொடுத்தாலும் ரசீது கேளுங்கள். வழக்கு பதிவானதும் பதினாறு எழுத்தும் எண்ணும் கலந்த சி.என்.ஆர். எண்ணைக் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். அந்த எண் இருந்தால் அடுத்த வாய்தா எப்போது, முந்தைய வாய்தாவில் என்ன நடந்தது என்பதை இ-கோர்ட்ஸ் செயலியில் நீங்களே பார்க்கலாம். இன்னொன்றை நான் மிகவும் தாமதமாகத்தான் அறிந்தேன்: பெண்களுக்கு வருமான வரம்பு எதுவும் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. அஸ்தம்பட்டி நீதிமன்ற வளாகத்தில் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. 15100 என்ற எண்ணிலும் பேசலாம். அதன் வாசலைக் கடந்துதான் நான் கடன் வாங்கிய பணத்தோடு போய்வந்துகொண்டிருந்தேன்.

ஆவணங்களில் எனக்கு அதிகம் சிரமம் கொடுத்தது நிக்காஹ் தப்தர், அதாவது ஜமாஅத்தின் திருமணப் பதிவேடு. எங்கள் திருமணத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதியவில்லை. தமிழ்நாட்டில் எல்லா மதத்தாரும் திருமணத்தைப் பதிய வேண்டும் என்ற சட்டம் 2009லிருந்தே இருக்கிறது. இருந்தும் ஜமாஅத் தப்தரில் எழுதியதே போதும் என்று விட்டுவிடுகிறார்கள். அந்தத் தப்தரோ மாப்பிள்ளை வீட்டு மஹல்லாவின் அலமாரியில் இருந்தது. பக்கத்தின் நகலைக் கேட்டு அத்தா நடந்த நடையில் அவருக்கு மூட்டு வலியே வந்துவிட்டது. இறுதியில் பள்ளிவாசல் நிர்வாகியான முத்தவல்லி மாறிய பிறகு புதியவர் ஒரே நாளில் கையெழுத்திட்டுக் கொடுத்தார். அதில் மஹர் மூன்று பவுன் பாக்கி என்று தெளிவாக எழுதியிருந்தது. வீட்டில் கல்யாணம் நன்றாகப் போய்க்கொண்டிருக்கும்போதே அந்தப் பக்கத்தின் நகலை வாங்கி வைத்துக்கொள்வது நல்லது. பிரச்சினை வந்த பிறகு கேட்டால் அது தகராறாகத்தான் பார்க்கப்படும். அதோடு அடகுச் சீட்டுகள், வங்கிப் புத்தகம், பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ், பள்ளிக் கட்டண ரசீது, மருத்துவமனைச் சீட்டு ஆகியவற்றின் அசலை ஒரு கோப்பில் நான் வைத்துக்கொண்டு, வழக்கறிஞருக்கு நகலை மட்டும் கொடுத்தேன். கணவரின் வாட்ஸ்அப் குரல் பதிவுகள் பழைய கைபேசியில் இருந்தன. அதை மாற்றாமல் வைத்திருந்தது உதவியது. மின்னணுப் பதிவுகளோடு தர வேண்டிய சான்றிதழை வழக்கறிஞர் தயாரித்து என் கையெழுத்தை வாங்கிக்கொண்டார்.

குடும்ப நல நீதிமன்றத்தில் வழக்கறிஞர் வைத்துக்கொள்வது கட்சிக்காரரின் உரிமையாக இல்லை, அனுமதியாகத்தான் சட்டத்தில் இருக்கிறது. நடைமுறையில் எல்லோருக்கும் வழக்கறிஞர் இருக்கிறார். ஆனாலும் கட்சிக்காரர் நேரில் வந்து நிற்க வேண்டியிருக்கிறது. காலை முதல் பேருந்தில் மலையிறங்கி, அடிவாரம், கோரிமேடு தாண்டி அஸ்தம்பட்டியில் இறங்கிவிடுவேன். பேருந்து நிலையம் வரை போகத் தேவையில்லை என்பது ஒன்றுதான் சௌகரியம். பெயரைக் கூப்பிடும்போது வராந்தாவில் இல்லாமல் தேநீர் குடிக்கப் போய்விட்டால் வழக்கு தள்ளுபடிகூட ஆகலாம். அதனால் மகளை மடியில் வைத்துக்கொண்டு பிற்பகல் வரை அதே பெஞ்சில் உட்கார்ந்திருப்பேன். எங்கள் தெருக்காரர்கள் யாராவது வேறு வழக்குக்கு வந்தால் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொள்வேன். அந்த வெட்கம் போக வெகுகாலம் ஆயிற்று. 2024 டிசம்பர் தொடக்கத்தில் ஃபெஞ்சல் புயல் மழையில் மலைப்பாதையில் மண் சரிந்து போக்குவரத்து நின்றபோது எனக்கு வாய்தா இருந்தது. காலையிலேயே வழக்கறிஞரை அழைத்துச் சொன்னதால் அவர் ஆஜராகாமைக்கு மனு கொடுத்துச் சமாளித்தார். தொலைவில் இருப்பவர்கள் பேச முடியாத நிலையிலும் குறுஞ்செய்தியாவது அனுப்பிவிட வேண்டும்; வராத நாளில் எதிர்த்தரப்பு ஒருதலைப்பட்ச உத்தரவு கேட்கும்.

எதிர்மனுவில் அவர் புதிதாக ஒன்றைச் சொன்னார். 2022லேயே மூன்று மாதங்களில் தனித்தனியாக மூன்று தலாக் சொல்லிவிட்டதாகவும், ஆகவே நான் மனைவியே இல்லை என்றும், மணமுறிவுக்குப் பின் பெண் காத்திருக்கும் இத்தா காலத்துச் செலவுக்கு மேல் எனக்கு ஒன்றும் கிடையாது என்றும் எழுதியிருந்தார். ஒரே அமர்வில் மூன்று தலாக் என்றால் 2019ஆம் ஆண்டுச் சட்டப்படி அது செல்லாது, மூன்றாண்டு வரை சிறையும் உண்டு என்பதால்தான் மாதக் கணக்கு வந்தது என்று என் வழக்கறிஞர் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அன்று இரவு முழுவதும் தூங்கவில்லை. ஆனால் எப்போதோ தலாக் சொன்னேன் என்று எதிர்மனுவில் எழுதுவதாலேயே தலாக் ஆகிவிடாது, தகுந்த காரணமும் இரு தரப்பிலிருந்தும் நடுவர் வைத்துச் சமரசம் பேசியதும் நிரூபிக்கப்பட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் ஷமீம் ஆரா வழக்கில் 2002லேயே சொல்லிவிட்டது. அவரால் ஒரு சாட்சியைக்கூடக் கொண்டுவர முடியவில்லை. இத்தாவோடு முடிந்தது என்ற வாதத்துக்கும் இடையில் பதில் வந்தது. 2024 ஜூலை 10 அன்று, மணமுறிவு பெற்ற முஸ்லிம் பெண்ணும் 125ஆம் பிரிவில் ஜீவனாம்சம் கேட்கலாம் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அடுத்த வாய்தாவில் அந்தத் தீர்ப்பின் நகலை என் வழக்கறிஞர் கையிலேயே வைத்திருந்தார்.

ஜீவனாம்ச வழக்கில் இரு தரப்பும் சொத்து, வருமானம், கடன் விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தர வேண்டும். அவர் மாதம் ஒன்பதாயிரம்தான் சம்பாத்தியம் என்று எழுதினார். கடைக்கு வாங்கிய வாகனத்தின் தவணையே அதற்கு மேல் என்பதைக் காட்டியபோது நீதிபதி ஒன்றும் பேசாமல் குறித்துக்கொண்டார். உங்கள் பத்திரத்தில் தையலில் வரும் இரண்டாயிரத்தையும் எழுதிவிடுங்கள். மறைத்து அது வெளியே வந்தால் மற்ற எல்லாமும் சந்தேகத்துக்குள்ளாகும்.

மகன் விஷயம்தான் என்னை உடைத்தது. எங்களைப் போன்ற ஹனபி மத்ஹபினருக்கு (மத்ஹப் என்பது மார்க்கச் சட்டப் பிரிவு), பிள்ளையை வளர்க்கும் ஹளானத் உரிமை ஆண் பிள்ளைக்கு ஏழு வயது வரையிலும் பெண் பிள்ளைக்குப் பருவமடையும் வரையிலும் தாயிடம் இருக்கும். ஷாபி மத்ஹபில் கணக்கு வேறு. ஜமாஅத்தில் சொன்னது அந்த வகையில் பொய்யில்லை. ஆனால் காப்பாளர் சட்டத்தின் 17ஆம் பிரிவில் நீதிமன்றம் பார்ப்பது பிள்ளையின் நலனை. மார்க்கச் சட்டம், வயது, பாலினம், பிள்ளை விவரமறிந்து சொல்லும் விருப்பம் எல்லாம் அந்த நலனைத் தீர்மானிக்க எடுத்துக்கொள்ளும் அம்சங்கள். ஏழு வயது முடிந்தது என்பதாலேயே தாயின் மனு தள்ளுபடியாவதில்லை. இது தெரிந்திருந்தால் அவனை அனுப்பாமல் வைத்த அந்த வாரமே இடைக்கால மனுவோடு போயிருப்பேன். பிள்ளை ஓரிடத்தில் ஊன்றிவிட்டால், புதுப் பள்ளியும் புதுச் சிநேகிதர்களும் ஆகிவிட்டால், அதைக் கலைப்பது நலன்தானா என்ற கேள்வி வரும், வந்தது.

முதலில் நீதிமன்ற வளாகத்துக்குள்ளேயே அவனைப் பார்க்க அனுமதி கிடைத்தது. அவனுக்குப் பிடித்த தேங்காய்ச் சோறும் கறிக் குழம்பும் கட்டிக்கொண்டு போனேன். பள்ளிப் பையை மடியில் இருந்து இறக்காமலேயே உட்கார்ந்திருந்தான். நாலு வாய் சாப்பிட்டவன் டிபன் மூடியை அழுத்தி மூடி என் பக்கம் தள்ளினான். மிச்சத்தை வீட்டுக்குக் கொண்டுபோ என்றேன். “வேணாம்மா, கேப்பாங்க,” என்றான். தங்கையிடம் மட்டும் கொஞ்சம் பேசினான். அன்று பேருந்தில் மலை ஏறும்போது, இவனுக்காகவா இவ்வளவும் என்று ஒரு நொடி நினைத்தேன். அதை எழுதக் கூச்சமாக இருக்கிறது; ஆனால் முதல் சந்திப்புகள் அப்படித்தான் இருக்கும் என்று யாராவது முன்பே சொல்லியிருந்தால் அந்த இரவு அவ்வளவு கனத்திருக்காது. அவனிடம் அவனுடைய அத்தாவைப் பற்றி ஒரு வார்த்தையும் கேட்க வேண்டாம் என்று ஆலோசகர் அம்மா சொல்லியிருந்தார். அந்த அறிவுரையைப் பிடித்துக்கொண்டேன். பிறகு மெல்ல மெல்ல, மிதிவண்டி விழுந்தது, கணக்கு ஆசிரியர் அடித்தது என்று அவனாகவே பேசத் தொடங்கினான்.

நீதிபதி அவனைத் தனி அறையில் அழைத்துப் பேசினார். பத்து வயதுப் பையன், படிப்பை இங்கேயே தொடர்கிறேன், அம்மாவிடமும் போகிறேன் என்று சொல்லியிருக்கிறான். வழக்கு சமரச மையத்துக்குப் போனது. மகள் என்னிடம், மகன் பள்ளி நாட்களில் தகப்பனிடம், இரண்டாம், நான்காம் வாரச் சனி காலை முதல் ஞாயிறு மாலை வரையிலும் ஆண்டு விடுமுறையில் பாதியும் இரு பெருநாட்களில் ஒன்றும் என்னிடம். உறவினர்கள் இதைத் தோல்வி என்றார்கள். நான் ஒத்துக்கொண்டதற்குக் காரணம், அவனை மறுபடியும் ஒரு பள்ளியிலிருந்து பிடுங்க எனக்கு மனமில்லை. சமரசக் குறிப்பில் கையெழுத்திடும்போது ஒன்றைக் கவனியுங்கள்: மணி, இடம், யார் கொண்டுவந்து விடுவது, பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் மாற்று நாள் எது என்பதெல்லாம் எழுத்தில் இருக்க வேண்டும். “வசதிப்படி பார்க்கலாம்” என்று எழுதினால், அது அவர்களுடைய வசதியாகத்தான் இருக்கும். எங்கள் குறிப்பில் அடிவாரப் பேருந்து நிறுத்தம் என்று இடத்தையே எழுதச் சொன்னேன்.

மணமுறிவு வழக்கில் குறுக்கு விசாரணை ஒரு மணி நேரம் நடந்தது. கணவர் வீட்டுச் சமையல் முதல் நான் கைபேசியில் யாரிடம் பேசுவேன் என்பது வரை கேட்டார்கள். பதில் தெரிந்தால் ஒரே வரியில் சொல்லுங்கள், தெரியாததற்குத் தெரியாது என்று சொல்லுங்கள், அழுகை வந்தால் தண்ணீர் கேளுங்கள் என்று வழக்கறிஞர் சொல்லியிருந்தார். தண்ணீர் கேட்டேன்.

2025இல் தீர்ப்பு வந்தது. எனக்கு மாதம் ஆறாயிரம், மகளுக்கு ஐயாயிரம். சொந்தத்தில் சிலர், கோர்ட் கொடுத்த விவாகரத்து ஷரீஅத்தில் செல்லுமா என்று கிளப்பினார்கள். அந்த 1939 சட்டமே, கணவரிடமிருந்து விடுபட வேறு வழியில்லாமல் ஹனபிப் பெண்கள் மார்க்கத்தையே விடத் துணிந்த காலத்தில், மார்க்க அறிஞர்களான உலமாக்களின் ஆதரவோடு மாலிகி மத்ஹபின் சலுகைகளை எடுத்து மத்திய சட்டசபையில் முகம்மது அகமது காஜ்மி கொண்டுவந்தது. இதை எங்கள் பள்ளிவாசல் ஹஜ்ரத்தே எடுத்துச் சொல்லி, தீர்ப்புத் தேதியிலிருந்து இத்தா இருக்கச் சொன்னார். அதன் பிறகு பேச்சு அடங்கியது.

தீர்ப்பு வந்தவுடன் நகல் மனு போட்டுச் சான்றிட்ட நகல்கள் இரண்டு மூன்று வாங்கிவிடுங்கள். பள்ளி, குடும்ப அட்டை, பாஸ்போர்ட் என்று ஒவ்வோர் இடத்திலும் கேட்கிறார்கள். மேல்முறையீட்டுக்கு முப்பது நாள் காலம் உண்டு. அது கழியும் வரை மறுமணம் போன்ற பேச்சுகளை எடுக்க வேண்டாம் என்று வழக்கறிஞர் எச்சரித்தார். பாக்கி மஹருக்கு மணமுறிவிலிருந்து மூன்று ஆண்டுகளுக்குள் கேட்க வேண்டும். ஜமாஅத்தில் நான் எழுதிக்கொடுத்த தாளைக் காட்டி அவர் மறுக்கிறார். அந்த வழக்கு இப்போது நடக்கிறது. ஜீவனாம்சம் நான்கு மாதம் ஒழுங்காக வந்து நின்றுவிட்டது. நிலுவையைக் கேட்கும் மனுவை, தொகை சேர வேண்டிய தேதியிலிருந்து ஓராண்டுக்குள் போட வேண்டும். அதைத் தாண்டிய மாதங்களுக்கு அந்த வழியில் வசூலிக்க முடியாது. ஆகவே நான் மூன்று மாத நிலுவை சேர்ந்ததுமே மனு போட்டுவிட்டேன். பணம் கையில் ரொக்கமாக வாங்காமல் வங்கிக் கணக்கிலேயே போடச் சொல்லி உத்தரவில் எழுதி வாங்கியிருந்ததால், வந்த மாதம் எது வராத மாதம் எது என்பதில் இம்முறை வாக்குவாதம் இல்லை. அடுத்த வாய்தா வரும் வாரம்.